கதவு உள்ளவர்கள் எடுத்த படம்

வடிவேலுவின் "அவனா நீ"க்குச் சிரிக்காத ஆளை எங்கள் பக்கம் தேடித்தான் பிடிக்க வேண்டும். பலாங்கொடையிலிருந்து மேலே தோட்டத்துக்குப் போகிற பஸ்ஸில் இரண்டு பையன்கள் தோளில் கைபோட்டு உட்கார்ந்தால் போதும், பின்சீட்டிலிருந்து ஒருத்தன் அதை எடுத்துவிடுவான். பஸ்ஸே சிரிக்கும். கை போட்டவனும் சிரிப்பான், சிரிக்காவிட்டால் விஷயம் வேறு மாதிரி ஆகிவிடும் என்று அவனுக்குத் தெரியும். நானும் சிரித்திருக்கிறேன், நான் யார் என்பது எனக்கு நன்றாகத் தெரிந்த வயதிலேயே.

தமிழ்ப்பட நகைச்சுவையில் இந்த வகைக் காட்சிகளைக் கொஞ்சம் நிறுத்திப் பாருங்கள். ராத்திரி, தனி இடம், ஒருத்தன் இன்னொருத்தனை நெருங்குகிறான். நெருங்குகிறவனுக்குப் பெயர் கிடையாது, ஊர் கிடையாது, காலையில் எழுந்து போக ஒரு வேலை கிடையாது. பயந்து ஓடுகிறவனுக்குத்தான் எல்லாம் இருக்கிறது. 2006இல் வந்த 'வேட்டையாடு விளையாடு' அந்த நெருங்குகிறவனுக்குக் கத்தியைக் கொடுத்தது. 2010இல் வெங்கட் பிரபுவின் 'கோவா' இரண்டு ஆண்களை ஜோடியாகவே காட்டியது, அதற்கு ஒரு நன்றி. ஆனால் அந்த ஜோடிக்குக் கடற்கரைப் பக்கம் சொகுசான இடம் இருந்தது. ஒளிந்து சந்திக்கிற தலையெழுத்து அவர்களுக்கு இல்லை.

இன்றைக்கு நான் எழுத உட்கார்ந்தது அந்த ஒளிந்து சந்திப்பதைப் பற்றி. க்ரூசிங் என்று உலகம் முழுக்கச் சொல்கிறார்கள். பூங்கா, கடற்கரை, ரயில் நிலையம், பொதுக் கழிப்பறை என்று ஏதோ ஓரிடத்தில் ஆண்கள் பேச்சில்லாமல் கண்ணாலேயே ஆளைத் தேடிக்கொள்வது. சினிமாவும் பத்திரிகையும் டிவியும் நாவலும் இதை எப்படிக் காட்டின என்று பார்க்கப் போகிறேன். எங்கள் ஊர்ப் பக்கத்து இடம் ஒன்றின் பெயரைக்கூட எழுதப் போவதில்லை, கேட்டு மெசேஜ் போட வேண்டாம்.

பார்த்த படங்களில் என்னை ரொம்ப நாள் தொந்தரவு செய்தது சினிமாக்காரர் எடுத்ததே அல்ல. 1962இல் அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலத்தில் மேன்ஸ்ஃபீல்ட் என்ற ஊர்ப் பொலிசார் ஒரு பொதுக் கழிப்பறையில் மறுபக்கம் தெரிகிற கண்ணாடியைப் பொருத்தி, பின்னால் கேமராவோடு ஆளை உட்கார வைத்தார்கள். அந்தச் சுருளைச் சாட்சியாக்கி முப்பதுக்கும் மேற்பட்ட ஆண்களைச் சிறைக்கு அனுப்பினார்கள். 2007இல் வில்லியம் ஈ. ஜோன்ஸ் என்ற கலைஞர் அதே சுருளை ஏறக்குறைய அப்படியே, சத்தம் எதுவும் இல்லாமல், 'டீரூம்' என்று திரையிட்டார். வாயைப் பிளந்து பார்க்கப் போகிறவர்களுக்கு அதில் ஏமாற்றம்தான். பெரும்பாலும் காத்திருப்பு. ஒருத்தர் கை கழுவுகிறார், வாசலைப் பார்க்கிறார், திரும்ப வாசலைப் பார்க்கிறார். கறுப்பர், வெள்ளையர், தொழிலாளி, கோட்டுப் போட்டவர் எல்லாரும் அந்த ஒரு அறையில் இருக்கிறார்கள். அந்தக் காலத்து அமெரிக்காவில் இவர்கள் சேர்ந்து நிற்கிற வேறு இடம் எத்தனை இருந்திருக்கும்?

அதே பத்தாண்டில் லாட் ஹம்ஃப்ரீஸ் என்ற சமூகவியலாளர் இன்னொரு ஊர்க் கழிப்பறைகளில் காவலுக்கு நிற்கிறவர் மாதிரி நின்று பார்த்தார். வந்தவர்களின் கார் இலக்கங்களைக் குறித்து வைத்துக்கொண்டு, பிறகு வேஷம் மாற்றி, சுகாதாரக் கணக்கெடுப்பு என்று சொல்லி அவர்கள் வீட்டுக் கதவையே தட்டினார். 1970இல் புத்தகம் வந்தது. செய்த முறை அயோக்கியத்தனம் என்று இன்றைக்கும் ஆராய்ச்சி ஒழுக்க வகுப்புகளில் திட்டு வாங்குகிறார், வாங்கட்டும். அவர் கண்டது மட்டும் நிற்கிறது: வந்தவர்களில் 54 வீதம் பேர் மனைவியோடு குடும்பம் நடத்துகிறவர்கள். ஒழுங்காகப் புல் வெட்டிய முற்றம், ஞாயிற்றுக்கிழமை தேவாலயம். படங்களில் வருகிற ஊர்பேர் தெரியாத நெருங்குகிறவன் பக்கத்து வீட்டுக்காரர்தான்.

சினிமாவுக்கு அந்தப் பக்கத்து வீட்டுக்காரர் சரிப்பட்டு வரவில்லை. 1980இல் வில்லியம் ஃப்ரீட்கின், அல் பச்சினோவை வைத்து 'க்ரூசிங்' என்றே ஒரு படம் எடுத்தார். நியூயோர்க்கின் இரவு விடுதிகள், அங்கே வருகிற ஆண்களைக் கொல்கிற ஒருவன், வேஷம் போட்டு உள்ளே போகிற பொலிஸ்காரர். 1979இல் படப்பிடிப்பு நடக்கும்போதே அந்நகரத்துத் தன்பாலீர்ப்பாளர்கள் தெருவில் இறங்கிக் கூச்சல் போட்டு ஒலிப்பதிவையே குழப்பினார்கள். அந்தக் கூச்சலோடு நான் இருக்கிறேன். படத்தின் இருட்டு அழகாக இருக்கிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

இதற்கு நேர்மாறாக ஒன்றைச் செய்தவர் பாடகர் ஜோர்ஜ் மைக்கேல். 1998 ஏப்ரலில் பெவர்லி ஹில்ஸ் பூங்காக் கழிப்பறையில் மாறுவேடப் பொலிஸ்காரர் ஒருவரிடம் மாட்டினார். லண்டன் பத்திரிகைகள் ஒரு வாரம் விருந்து சாப்பிட்டன. மனுசன் அழுது மன்னிப்புக் கேட்பார் என்று காத்திருந்தார்கள். அவரோ அதே வருஷம் 'அவுட்சைட்' என்று பாட்டுப் போட்டு, வீடியோவில் கழிப்பறையை நடனக் கூடமாக்கி, தானே பொலிஸ் உடுப்பில் ஆடினார். எனக்கு அந்தத் திமிர் பிடிக்கும். ஆனால் திமிருக்குக் காசு வேண்டும், வக்கீல் வேண்டும், ரசிகர் வேண்டும். கொழுந்து பறிக்கிறவள் மகன் மாட்டினால் வீடியோ வேறு மாதிரி வரும்.

எப்படி வரும் என்று இந்தியா காட்டியது. 2006 ஜனவரியில் லக்னோ பொலிசார் இணையத்தில் தாங்களே ஆள் தேடுகிறவர்கள் போல நடித்து ஒருவரைப் பிடித்தார்கள். அவரைக் கொண்டே மற்றவர்களுக்குப் போன் போட்டு வரவழைத்து நால்வராக்கினார்கள். ஊடகத்துக்குச் சொன்ன கதை, இவர்கள் பொது உல்லாசத் தலமொன்றில் கையும் களவுமாகப் பிடிபட்டார்கள் என்பது. இதைத்தான் உற்றுக் கவனிக்க வேண்டும். வீட்டிலிருந்து பிடித்தால் செய்தி சப்பையாகிவிடும், புதர் மறைவு இருந்தால்தான் விற்கும். 2011 பெப்ரவரியில் ஐதராபாத்தில் டிவி9 மறைகேமராவும் ரகசியத் தொலைபேசிப் பதிவுமாக நகரத்து ஆண்களின் முகத்தையும் பேச்சையும் ஒளிபரப்பியது. ஒளிபரப்பாளர்களின் சொந்த ஒழுங்குமுறை அமைப்பே அதற்கு ஒரு லட்சம் ரூபாய் அபராதம் போட்டது.

நம் நாட்டுக்கு வருவோம். எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் இலங்கைப் பத்திரிகைகளுக்கு இந்த விஷயம் என்றால் ஒரே ஒரு படம்தான்: ஹிக்கடுவை அல்லது நீர்கொழும்புக் கடற்கரை, ஒரு வெள்ளைக்காரன், பக்கத்தில் நம் ஊர்ப் பையன். சிறுவர்களைக் கெடுத்த வெளிநாட்டார் இருந்தார்கள், அது பொய்யில்லை, அந்தக் குற்றத்தை வெளிக்கொண்டு வந்தவர்கள் நல்ல காரியம் செய்தார்கள். ஆனால் அந்தக் குற்றமும், வயது வந்த இருவர் தம் விருப்பத்தில் சந்திப்பதும் செய்தியில் ஒரே குப்பையாகக் கொட்டப்பட்டன. சட்டத்திலும் அதேதான் நடந்தது. 1995ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கத் தண்டனைச் சட்டத் திருத்தம் சிறுவர்களைப் பாதுகாக்கப் புதிய குற்றங்களைச் சேர்த்தது. அதே கையோடு, ஆண்களுக்கிடையிலான உறவைக் குற்றமாக்கியிருந்த 365அ பிரிவில் "ஆண்" என்று இருந்ததை "ஆள்" ஆக்கிப் பெண்களையும் உள்ளே இழுத்தது. தளர்த்தியிருக்க வேண்டிய இடத்தில் அகலமாக்கினார்கள்.

பத்திரிகைகள் எவ்வளவு தூரம் போகலாம் என்பதற்கு எல்லையே இல்லை என்று 2000இல் தெரிந்தது. முந்தின வருஷம், பெண்களை நேசிக்கும் பெண்களின் மாநாடு ஒன்று நடக்கப் போகிறது என்றவுடன், அவர்கள் நடுவே வன்புணர்வுக் குற்றவாளிகளை அவிழ்த்துவிட வேண்டும் என்ற பொருளில் வந்த கடிதமொன்றை ஐலண்ட் பத்திரிகை அச்சடித்திருந்தது. 1995 முதல் 'கம்பேனியன்ஸ் ஒன் எ ஜேர்னி' என்ற தன்பாலீர்ப்பாளர் அமைப்பை நடத்திவந்த ஷேர்மன் டி ரோஸ் பத்திரிகைச் சபையிடம் முறையிட்டார். சபை முறையீட்டைத் தள்ளியது. தள்ளியதோடு விடாமல், முறையிட்டவரே பத்திரிகைக்கு 2,100 ரூபாய் செலவுத் தொகை கட்ட வேண்டும் என்றது! அடிவாங்கினவன் அடித்தவனுக்குக் கைவலிக் காசு கொடுத்த கதை.

இப்போது எங்கள் தோட்டத்துக்குக் கூட்டிப்போகிறேன், ஏனென்றால் இத்தனை படங்களிலும் இல்லாத ஒன்று இங்கேதான் இருக்கிறது.

லயத்துக் காம்பறா 10க்கு 12 அடி. ஒரே கூரைக்குக் கீழே வரிசையாகக் குடும்பங்கள். நடுச்சுவர் பல லயங்களில் கூரை வரைக்கும் போகாது, பக்கத்துக் காம்பறாவில் இருமினால் இங்கே தண்ணீர் எடுத்துக் கொடுக்கலாம். தாய், தகப்பன், கலியாணமான அண்ணன், அண்ணி, கிழவி எல்லாரும் அதற்குள். இங்கே புதுசாகக் கலியாணம் ஆனவர்களே மலைக்குப் போய்த்தான் மனம்விட்டுப் பேசுகிறார்கள். கொழுந்து மலை, பீலிக்கரை, பழைய ஸ்டோர் பின்பக்கம் என்று காதலர்களுக்கு இடம் தேடிக் கொடுத்தே எங்கள் ஊர் வாழ்ந்தது. தோட்டத்துப் பாட்டுகளில் பாதி இந்தச் சந்திப்புகளைப் பற்றியது, அதைக் கிழவிகளே வெட்கமில்லாமல் பாடுவார்கள்.

தமிழுக்கு இது புதுசா என்ன? பள்ளிக்கூடத்தில் எல்லாரும் படித்ததுதான். களவு ஒழுக்கம், பகற்குறி, இரவுக்குறி. தினைப்புனத்துக்கு அந்தப் பக்கம், அருவிக்கு இந்தப் பக்கம், எந்த நேரத்தில் எங்கே வர வேண்டும் என்று தோழி குறி சொல்லி அனுப்புவாள். வழியில் யானை, மழை, நாய் குரைப்பு, தாய் தூங்காமல் இருப்பது, ஊரில் எழுகிற அலர் எல்லாவற்றுக்கும் துறை வகுத்து வைத்த மொழி இது. அதுவும் குறிஞ்சித் திணை, மலையும் மலை சார்ந்த இடமும். ஆணும் பெண்ணும் இருட்டில் ஒளிந்து சந்தித்தால் புலவர் வருவார், இரண்டு ஆண்கள் சந்தித்தால் பொலிஸ் கேமரா வரும். எனக்குத் தமிழ் படிப்பித்த வாத்தியாரிடம் இதைக் கேட்கத் தைரியம் வந்ததேயில்லை.

ஒன்று மட்டும் விதிவிலக்கு. மாசி மாதத்துக் காமன் கூத்து. மன்மதனும் ஆண்தான், ரதியும் ஆண்தான். சேலை கட்டி, வளையல் போட்டு, விடிய விடிய மன்மதனோடு ரதி ஆடும்போது தோட்டமே சுற்றி நிற்கும். காமன் எரிந்த பிறகு ரதி ஒப்பாரி வைப்பாள், பாட்டிமாரும் சேர்ந்து அழுவார்கள். மறுநாள் காலை வேலைக்கு ஆள் பிரிக்கிற பிரட்டுக்கு அதே பையன் காற்சட்டையோடு வருவான், யாரும் ஒன்றும் கேட்க மாட்டார்கள். இதிலிருந்து எங்கள் ஊர் தாராள மனசு கொண்டது என்று யாரும் எழுதிவிடாதீர்கள், ரதி வேஷம் கட்டினவன் பட்ட பகிடியையும் நான் பார்த்திருக்கிறேன்.

எங்கள் தோட்டத்து அண்ணன் ஒருவர் இருக்கிறார், அறுபது தாண்டியவர். பதினாறு வயதில் புறக்கோட்டைக் கடைக்கு வேலைக்குப் போனவர். ராத்திரி கடைக்குள்ளேயே படுக்கை, மேசை மேல் இருவர், கீழே மூவர். ஞாயிறு பின்னேரம் காலிமுகத்திடல். எண்பதுகளில் அங்கே ஆளை எப்படிக் கண்டுபிடிப்பீர்கள் என்று கேட்டேன்.

"பட்டம் விடறதப் பாக்குற மாதிரி நிக்கணும் தம்பி. எல்லாரும்தான் பாப்பாங்க. பொழுது எறங்குனதும் பட்டத்த எல்லாம் சுத்திக்கிட்டுப் போயிருவாங்க. அதுக்கப்பறமும் எவன் வானத்தப் பாத்துக்கிட்டு நிக்கிறானோ அவன்தான் நம்ம ஆளு."

"பயமா இல்லையாண்ணே?"

"பயந்தான். ஆனா ஒன்னு, அங்க ஒருத்தனும் எந்தத் தோட்டம், யாரு மகன்னு கேக்கல."

தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்கு இதன் கனம் புரியும். எந்தத் தோட்டம், எந்த லயம், யார் மகன் என்ற மூன்று கேள்வியில் சாதி வெளியே வந்துவிடும். கலியாணம், காது குத்து, கோயில் தேர் எல்லாவற்றுக்கும் முன்னால் நிற்கிற அந்தக் கேள்வி கடற்கரை இருட்டில் இல்லை. இந்த ஒன்றைக் காட்டிய படம் நான் பார்த்ததில்லை.

அண்ணன் சொன்ன இன்னொன்றும் உண்டு. ஒரு ராத்திரி பொலிஸ் மறித்திருக்கிறது. கையில் அடையாள அட்டை இல்லை. குடியுரிமைச் சிக்கலில் எங்கள் ஆட்கள் பலருக்கு அப்போது அட்டையே கிடையாது. தமிழன், இளவயது, ராத்திரி, கடற்கரை. "புலின்னு முடிவு பண்ணா பூசா முகாமுக்குத்தான். அதான் உண்மையச் சொல்லிட்டேன், ஆம்பளயத் தேடி வந்தேங்க சேர்னு. சிரிச்சானுங்க. ரெண்டு அறை, பையில இருந்த காசு, போடான்னுட்டானுங்க." அவமானம் ஒருத்தனைச் சிறையிலிருந்து காப்பாற்றிய கதையை அவர் டீ குடித்துக்கொண்டே சொன்னார்.

நாவல்காரர்கள் சினிமாக்காரர்களை விட நேர்மையாக எழுதியிருக்கிறார்கள். கரிச்சான் குஞ்சுவின் 'பசித்த மானிடம்' 1978இலேயே ஆண்களுக்கிடையிலான உறவை ஒளிக்காமல் எழுதியது. ஆர். ராஜ் ராவின் 'த பாய்ஃபிரண்ட்' (2003) பம்பாய் சர்ச்கேட் ரயில் நிலையக் கழிப்பறையில் தொடங்குகிறது. நம் ஷியாம் செல்வதுரையைப் 'ஃபனி போய்'க்காக எல்லாரும் கொண்டாடுகிறார்கள், அடுத்து 1998இல் வந்த 'சினமன் கார்டன்ஸ்' பேசப்படுவது குறைவு. டொனமூர் ஆணைக்குழு வந்த 1920களின் கொழும்பு. கறுவாத்தோட்டத்து முதலியாரின் மகன் பாலேந்திரன், மனைவி பிள்ளை உள்ளவன். மாலையில் ரயில் நிலையத்துக்குப் போய் ஒரு சிப்பாயைச் சந்திக்கிறான். இந்தக் கதையை அண்ணனிடம் சொன்னேன்.

"அவ்வளவு பெரிய பங்களா வச்சிருக்கிறவன் எதுக்கு ஸ்டேசனுக்குப் போறான்?" என்றார். கொஞ்சம் யோசித்துவிட்டு, "எனக்கு வீடு இருந்திருந்தாலும் போயிருப்பேன் தம்பி" என்று சிரித்தார்.

அந்தச் சிரிப்பு முக்கியம். இடம் இல்லாத பாவப்பட்டவர்கள் என்று மட்டும் எழுதினால் அதுவும் பொய்ப்படம். கண்ணும் கண்ணும் மாட்டிக்கொள்கிற அந்தக் கணத்தில் ஒரு விளையாட்டு இருக்கிறது, சந்தோஷம் இருக்கிறது. நம் பக்கம் நின்று பேசுகிறவர்களும் இதை மூடி மறைக்கிறார்கள். மேடையில் எப்போதும் ஒரு நல்ல ஜோடி, நல்ல வேலை, நல்ல வீடு. சட்டமும் அந்த வீட்டைத்தான் நம்புகிறது. இங்கிலாந்தில் 1957இன் வோல்ஃபெண்டன் அறிக்கையும் 1967இன் சட்டமும் "தனியிடத்தில்" நடந்தால் குற்றமில்லை என்றன. தில்லி உயர் நீதிமன்றம் 2009இல் அதையே சொன்னது. நம் நாட்டின் மிக உயர்ந்த நீதிமன்றமான இலங்கை உயர் நீதிமன்றம் 2016இல், மருதானைப் பொலிசார் தொடுத்த வழக்கில், வயது வந்தோரின் சம்மதத்தோடு நடப்பதை அரசு கண்காணிக்கக் கூடாது என்ற சிந்தனை வளர்ந்திருக்கிறது என்று எழுதியது. சிறைத் தண்டனையை ஒத்திவைத்த தண்டனையாகக் குறைத்தது, குற்றத்தீர்ப்பை மட்டும் அப்படியே வைத்தது. 2023 மேயில், 365ஐத் திருத்தும் பிரேம்நாத் தொலவத்தவின் தனிநபர் மசோதா அரசியலமைப்புக்கு முரணல்ல என்றும் சொன்னது. நல்ல விஷயங்கள்தான். மசோதா நிறைவேறவில்லை. நிறைவேறினாலும் "தனியிடம்" என்கிற அந்த இடத்தை 10க்கு 12 அடிக்குள் எங்கே வைப்பது? வசைபாடிய படமும் வாழ்த்துகிற படமும் கதவு உள்ளவர்கள் எடுத்ததாகவே எனக்குத் தெரிகிறது.

2022 ஜூன் 25 அன்று, போராட்டக் களமாகியிருந்த அதே காலிமுகத்திடலில் வானவில் கொடியோடு ஊர்வலம் போனது. அண்ணன் போனில் அந்தப் படங்களைப் பார்த்தார். "பகல்லயா?" என்று மட்டும் கேட்டார்.

இப்போதைய பையன்கள் பட்டம் பார்ப்பதில்லை, ஆப் பார்க்கிறார்கள். பலாங்கொடையில் நின்று திறந்தால் முதல் ஆள் பல கிலோமீற்றருக்கு அப்பால். முகம் இருக்காது. ஒரு தேயிலை மலை, ஒரு பைக், அல்லது விஜய். ஆப் வந்ததும் மறைவிடம் முடிந்துவிட்டது என்று கொழும்பு நண்பர்கள் சொல்கிறார்கள். இங்கே பேச்சு ஆப்பில் முடிந்தாலும் சந்திக்க இடம் வேண்டும், இடம் பழைய இடம்தான். புதிதாக வந்தது ஸ்கிரீன்ஷொட். அதை வைத்து மிரட்டுகிறவர்களுக்கு, பஸ்ஸில் சிரிக்கிற அந்தச் சிரிப்புக்குப் பயந்தே பையன்கள் காசு கட்டுகிறார்கள். பொலிசுக்குப் போகவும் பயம். 2017க்குப் பிறகு, இதே சட்டத்தில் பிடிபட்ட குறைந்தது ஏழு பேருக்குப் பலவந்தமாக உடற்பரிசோதனை செய்யப்பட்டதை ஹியூமன் ரைட்ஸ் வொட்ச், ஈக்குவல் கிரவுண்ட் என்ற உரிமை அமைப்புகள் 2020இல் வெளியிட்ட பிறகு, அந்தப் பயத்தை வீண்பயம் என்று நான் எப்படிச் சொல்வது?

ஆகவே தம்பிமாரே, முகமும் உடம்பும் ஒரே படத்தில் வராமல் பார்த்துக்கொள்ளுங்கள். பின்சுவரில் தோட்டப் பெயர், பாடசாலை ரீசேட், பைக் இலக்கம் தெரிகிறதா என்று அனுப்புவதற்கு முன்னால் பாருங்கள். முதல் சந்திப்பு டவுனில், பகலில், டீக்கடையில் இருக்கட்டும், எங்கே போகிறீர்கள் என்று நம்பிக்கையான ஒரே ஒரு ஆளிடமாவது சொல்லிவிட்டுப் போங்கள். எவனாவது காசு கேட்டு மிரட்டினால் முதல் தவணையே கட்டாதீர்கள், மெசேஜை அழிக்காதீர்கள். மிரட்டிப் பணம் பறிப்பதும் இந்நாட்டுத் தண்டனைச் சட்டத்தில் குற்றம்தான். மனித உரிமைகள் ஆணைக்குழுவின் அவசர இலக்கம் 1996. போனில் வேறு ஏதாவது பெயரில் சேமித்துக்கொள்ளுங்கள், நான் "ரீலோட் கடை" என்று போட்டிருக்கிறேன்.